மூன்று தசம் ஒன்று

பதினொன்று தசம் எட்டு ஆறு.
கோட்டைத் தாண்டிக் குனிந்து
கால்களுக்கிடையால் பார்த்தேன்.
தலைகீழாய்த் தொண்ணூற்றெட்டு தசம் பதினொன்று
என்று சிவப்பாய் எரிந்தது பலகை.
ஏதோ பிழை என்றுதான் முதலில் நினைத்தேன்.

வெபர் மைதானம். ஆடி மாதம். பின்னேரம் மூன்றரை.
மதியத்திலிருந்தே கச்சான்
பந்தல் சீலையைக் கிழித்துக்கொண்டு நின்றது.
ஒலிபெருக்கி "மாகாணச் சாத..." என்றது.
மறுகா யாரோ அதைக் கையால் பொத்தினார்கள்.
காற்றுமானிப் பக்கமிருந்து ஒரு பெடியன்
தாளோடு ஓடி வந்தான்,
என்னைவிட மெதுவாக.

கூட்டல் மூன்று தசம் ஒன்று.
இரண்டுக்கு மேலே போனால்
காற்றும் சேர்ந்து ஓடினதாய்க் கணக்காம்.
முதலாமிடம் உனக்குத்தான் பிள்ளை,
பதக்கமும் உனக்குத்தான்,
நேரம்தான் உனக்கில்லை.

திருக்கோவிலில் எங்கட பள்ளிக்கூட மைதானம்
நூறு மீற்றருக்கு நாலு மீற்றர் குறைவு.
மிச்ச நாலும் சங்கக்கடை வளவுக்குள்.
படலையைத் திறந்துவைத்துத்தான் ஓட வேணும்.
யாரோ சாத்திவிட்ட நாளின் தழும்பு
இடது புருவத்தில் இருக்கிறது.

கடல் பக்கம் ஓடினால் கச்சான் தள்ளும்,
வயல் பக்கம் ஓடினால் கண்ணுக்குள் மண் அடிக்கும்.
ஆறு வருசமும் நான் வயல் பக்கம்தான் ஓடினேன்.
வைராக்கியம் ஒன்றும் இல்லை.
கடல் பக்கத்தில் பெடியங்கள்
சைக்கிளோடு நிற்பாங்கள்.

ஆணிச் சப்பாத்து என்று அம்மாவுக்குச் சொன்னேன்.
குவைத்திலிருந்து வந்தது
கோல்ப் விளையாடுகிறவர்களின் சப்பாத்து.
வெள்ளையும் மண்ணிறமும், குஞ்சம் வேறு.
நல்லா இருக்கா என்று போனில் கேட்டா.
பறக்குது அம்மா என்றேன்.
கொழும்புக்கு வெறுங்காலோடு போனேன்,
ஒன்பது மணித்தியாலம் பஸ்ஸில்,
காலைத் தூக்கி முன் சீற்றின் முதுகில் வைத்தபடி.
அந்த முறை எட்டாமிடம். அடுத்தமுறை மூன்று.

இராணுவ விளையாட்டுக் கழகம் கடிதம் போட்டது.
சம்பளம், தினம் இரண்டு முட்டை, செயற்கை ஓடுதளம்.
அண்ணனின் படத்துக்குக் கீழே இருந்து வாசித்தேன்.
அவனைக் கூட்டிப்போன இரவில் எனக்குப் பத்து வயது,
அந்த வாகனத்துக்குப் பின்னால் ஒழுங்கை முடியுமட்டும் ஓடினேன்.
அதற்கு யாரும் நேரம் பிடிக்கவில்லை.
கடிதத்தை மடித்தேன்.
பிரதேச சபையில்
சந்தை வரி எழுதப் போனேன்.

இருபத்தேழில்
தொடையின் பின்பக்கம் சாக்குத் தையல் பிரிவது போல
ஒரு சத்தம். எனக்கு மட்டும் கேட்டது.

ஒருநாள் வரிப் புத்தகத்தின் ஓரத்தில் கூட்டிப் பார்த்தேன்:
எல்லாமாய் இருநூற்றுப் பத்து ஓட்டம்,
ஒவ்வொன்றும் பன்னிரண்டு விநாடிச் சொச்சம்.
பதினான்கு வருசம் ஓடினது
நாற்பத்து மூன்று நிமிசம் வராது.
அந்த நேரத்துக்குள் எங்கட பஸ்
கல்முனைக்கும் போய்ச் சேராது.

இப்போது காற்றுமானிக்குப் பக்கத்துக் கதிரை
என்னுடையது.
துவக்கு வெடித்தால் பத்து விநாடி,
நான் ஓட்டத்தைப் பார்ப்பதில்லை, எண்ணைத்தான் பார்ப்பேன்.

நேற்று ஓட்டமாவடிப் பிள்ளை ஒருத்தி, றினோஸா,
கைமூடிய சட்டையும் தலைமூடிய துணியுமாய்
பதினொன்று தசம் ஒன்பது ஏழு.
சனம் எழும்பின சத்தத்தில்தான் நிமிர்ந்தேன்.
மானியில் இரண்டு தசம் ஒன்று.

ஒரு தசம்.
பேனையின் ஒரு கீறு. வளைத்து மூடினால் பூச்சியம்.
கச்சான் தாளின் நுனியைப் பிடித்து இழுத்தது.
உள்ளதை எழுதினேன்.
பெடியனிடம் கொடுக்கவில்லை,
நானே கொண்டு நடந்தேன்.

வாசித்தாள். வாய்க்குள் ஏதோ ஏசினாள்,
எனக்கா காற்றுக்கா தெரியவில்லை.
பிறகு, "மிஸ், போன் இருக்கா?
பலகையை நூக்க முதல் ஒரு படம் எடுத்துத் தாங்க" என்றாள்.

தோளில் போட்ட சால்வையோடு
பலகைக்கு முன்னால் போய் நின்றாள்.
எடுத்தேன்.
படத்தில் சால்வை பறந்து
கடைசி இலக்கத்தை மறைத்திருந்தது.
இன்னொன்று எடுப்பதற்குள்
பலகையை நூத்துவிட்டார்கள்.